அழிந்த கோப்பு மீளுமா?

வீட்டில் ஒரு பொருள் காணாமற் போனால், அதைத் தேடிப் பெட்டியையும் அலுமாரியையும் கிளறுவது மனித இயல்பு. கிளறக் கிளற அப்பொருள் அகப்படும் வாய்ப்பும் கூடும். ஆனால், கணினியிலோ நினைவட்டையிலோ இருந்த கோப்பொன்று காணாமற் போகும்போது இவ்வழக்கமே நமக்குப் பகையாகி விடுகின்றது. அங்கே கிளறக் கிளறப் பொருள் அழியும். கையை எடுத்துவிட்டுச் சற்றே சும்மா இருந்தாற் பொருள் பிழைக்கும். இந்த ஒரு செய்தியை மனத்திற் பதித்துக்கொண்டாலே இவ்வாரக் கட்டுரையின் பயனிற் பெரும்பகுதி கைவந்துவிடும். அஃது ஏன் அவ்வாறு என்பதை இனிக் காண்போம்.

இது கணினி நிபுணர்க்கு மட்டும் உரிய விடயமன்று. வன்னிப் பெருநிலப்பரப்பில் வாழும் குடும்பங்களுக்கு இதிற் சிறப்பான அக்கறை இருத்தல் வேண்டும். 2008ஆம் ஆண்டின் பிற்பகுதியிலும் 2009ஆம் ஆண்டின் முற்பகுதியிலும் கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களின் மக்கள் ஊர்விட்டு ஊர் பெயர்ந்து, ஈற்றில் வவுனியா மாவட்டத்துச் செட்டிகுளத்தில் அமைந்த மெனிக் பாம் முகாம்களை அடைந்தபோது, உடுத்த உடையே உடைமையாக வந்து சேர்ந்தோர் பலர். காணி அனுமதிப்பத்திரம், பிறப்புச் சான்றிதழ், பாடசாலைத் தேர்ச்சி அறிக்கை, கல்யாணப் படம் என வீட்டுப் பெட்டியில் இருந்தவை வழியிலே போயின. பிறப்பு, இறப்பு, விவாகம் ஆகியவற்றின் பதிவுகளுக்கு அரசாங்கத்திடம் மறுபிரதி உண்டு. ஆதலாற் பின்னர்ப் பதிவாளர் நாயகம் திணைக்களத்தினூடாகப் பலர் சான்றிதழ்களை மீளப் பெற்றனர். ஆனால், பிள்ளையின் முதலாவது பிறந்தநாட் படத்துக்கு எந்தத் திணைக்களத்தில் மறுபிரதி இருக்கும்?

2017ஆம் ஆண்டு பெப்ரவரி 20ஆம் திகதி கிளிநொச்சியிலே காணாமலாக்கப்பட்டோரின் உறவினர் தொடர் போராட்டமொன்றைத் தொடங்கினர். அத்தாய்மார் கைகளில் ஏந்தி நின்றவை தம் பிள்ளைகளின் படங்களே. ஒரு படம் என்றால் நமக்கு எளிதாகத் தோன்றலாம். ஒரு வீட்டில் அது மனிதரொருவரின் எஞ்சிய ஒரே உருவமாக இருக்கவும் கூடும். அத்தகைய படத்தின் நிழற்பிரதி இக்காலத்தில் ஒரு கைத்தொலைபேசியிலோ, விரல்நகத்தின் அளவேயான ஒரு நினைவட்டையிலோ தங்கியிருக்கின்றது. விளையாடும் குழந்தையின் விரல் தவறிப் பட்டாலும் அது மறைந்து போகலாம். அவ்வாறு மறைந்தது மெய்யாகவே அழிந்ததா என்பதே இங்கு நமது வினா.

இதனை விளக்குதற்கு நம்மூர்க் காணி விவகாரமே ஏற்ற உவமையாகும். ஒல்லாந்தர் ஆட்சிக்காலத்திற் காணிகளின் விவரங்களைத் தோம்பு என்னும் பதிவேட்டில் எழுதிவைத்தனர் என்பது வாசகர்கள் அறிந்ததே. நினைவட்டையையும் ஒரு வயல் எனக் கொள்வோம். அவ்வயல் சின்னஞ்சிறு பாத்திகளாகப் பிரிக்கப்பட்டிருக்கும். 32 கிகாபைற் கொள்ளளவுள்ள அட்டையொன்றில் ஏறத்தாழப் பத்து இலட்சம் பாத்திகள் வரை இருக்கலாம். வயலின் தலைப்பக்கத்தில் ஒரு தோம்பு உண்டு. இன்ன பெயருடைய படம் இன்னின்ன பாத்திகளில் இருக்கின்றது என்பது அதிலே குறிக்கப்பட்டிருக்கும். நாம் ஒரு படத்தைப் பார்க்க விரும்பினால், கணினி முதலிலே தோம்பைப் பார்த்து, பின்னர் உரிய பாத்திகளுக்குச் சென்று படத்தைக் கொணர்கின்றது.

இப்பொழுது அப்படத்தை அழிக்குமாறு நாம் கட்டளையிடுகின்றோம். கணினி வயலில் இறங்குவதில்லை. தோம்பில் மட்டும் கைவைக்கின்றது. 32 கிகாபைற் வரையிலான அட்டைகளில் வழக்கமாக உள்ள பதிவுமுறையில், கோப்பின் பெயரில் முதலெழுத்து இருந்த இடத்திலே 229 என்னும் எண் எழுதப்படும். அப்படத்துக்குரிய பாத்திகள் வெறுமையானவை எனக் குறிக்கப்படும். அவ்வளவே. பாத்திகளில் இருந்த படமோ விளைந்த பயிர்போல அப்படியே நிற்கின்றது. தோம்பிலே பெயர் வெட்டப்பட்டதனால் வயலிலுள்ள நெல் மறைந்து விடுவதில்லை அல்லவா? ஒவ்வொரு பாத்தியையும் துடைத்து வெறுமையாக்குவதற்கு நேரம் செல்லும் என்பதனாலேயே கணினியை அமைத்தோர் இவ்வழியைக் கைக்கொண்டனர்.

ஆனால், ஆபத்தும் இங்கேதான் இருக்கின்றது. வெறுமை எனக் குறிக்கப்பட்ட பாத்தியைக் கணினி அடுத்த படத்துக்கோ பாட்டுக்கோ எந்தக் கணத்திலும் கொடுத்துவிடலாம். புதியவன் வந்து உழுதுவிட்டாற் பழைய பயிர் போயிற்று. ஆகவே கோப்பு அழிந்ததன் பின்னர் நாம் எடுக்கும் ஒவ்வொரு புதிய படமும், இறக்கும் ஒவ்வொரு புதிய கோப்பும் அந்த நிலத்தில் ஏர் பூட்டுவதற்கு ஒப்பாகும். பதற்றத்தினால் அங்குமிங்கும் அழுத்திப் பார்ப்பதும் அவ்வாறே. அழித்த விரலிலும் பார்க்க, அதன் பின்னர் ஓயாத விரலே பெரும்பாலும் கேட்டை முடிக்கின்றது.

தோம்பிற் பெயர் வெட்டப்பட்டாலும் வயலைப் பார்த்துப் பயிரை மீட்கலாம் என்னும் எண்ணத்தைப் பொதுமக்களின் கணினிகளுக்குக் கொண்டுவந்தோருள் ஒருவர் அமெரிக்கராகிய பீட்டர் நோர்ட்டன். 1982ஆம் ஆண்டில் அவர் வெளியிட்ட கருவித்தொகுதியில், அழித்த கோப்பை மீட்கும் நிரலொன்று இடம்பெற்றிருந்தது. இன்று அத்தகைய மென்பொருள்கள் பல உள. அவற்றுள் ‘போட்டோரெக்’ என்பது கிறிஸ்தோப் கிரெனியே என்னும் பிரெஞ்சுக்காரர் ஆக்கியது. இதனை எவரும் விலையின்றிப் பெறலாம்; இதன் மூலநிரலையும் எவரும் பார்வையிடலாம். ‘ரெகுவா’ என்னும் மற்றொன்று விண்டோஸ் கணினிகளில் இயங்குவது, புதியவர்க்கு இலகுவானது.

போட்டோரெக் செய்யும் வேலை சுவையானது. அது தோம்பை நம்புவதேயில்லை. நேரே வயலில் இறங்கிப் பாத்தி பாத்தியாக நடக்கின்றது. பெயரில்லாத பாத்தியில் இருப்பது படம் என்று அதற்கு எங்ஙனம் தெரியும்? நம் பழைய ஏட்டுச்சுவடிகள் காப்புச் செய்யுளோடு தொடங்கி, ‘முற்றிற்று’ என்று முடிவதை நினைவுகூருங்கள். மேலோலை தொலைந்து ஏடுகள் கலைந்து கிடந்தாலும், நூலின் தொடக்கத்தையும் முடிவையும் கற்றறிந்தோர் அடையாளம் காண்பர். புகைப்படக் கோப்புக்கும் அத்தகைய காப்பும் முற்றிற்றும் உண்டு. நாம் பெரும்பாலும் கையாளும் ஜேபெக் வகைப் படம் 255, 216, 255 என்னும் எண்களோடு தொடங்கும்; 255, 217 என்னும் எண்களோடு முடியும். மென்பொருள் இவ்வடையாளங்களைத் தேடிச் சென்று, இடையில் உள்ளதைத் திரட்டிக் கொடுக்கின்றது. ஆனாற் பெயரும் திகதியும் தோம்போடு போய்விட்டமையால், மீண்ட படங்கள் வெறும் இலக்கங்களையே பெயராகக் கொண்டு வரும். ஒரு படத்தின் பாத்திகள் அடுத்தடுத்து இல்லாமற் சிதறிக் கிடந்தால், பாதி முகத்தோடு படம் மீள்வதும் உண்டு.

நிலம் கெடாதவரையில் எத்துணை மீளும் என்பதற்கு உலகறிந்த சான்றொன்று உண்டு. 2003ஆம் ஆண்டு பெப்ரவரி 1ஆம் திகதி, கல்பனா சாவ்லா உள்ளிட்ட எழுவரோடு பூமிக்குத் திரும்பிய கொலம்பியா விண்ணோடம் வானிலே சிதறியது. அதிலிருந்த 400 மெகாபைற் வன்தட்டொன்று மாதங்கள் பல கழிந்தபின் ரெக்சாஸ் மாநிலத்தில், வற்றிய ஏரிப்படுகையொன்றிற் கண்டெடுக்கப்பட்டது. தட்டு கருகியிருந்தது, உள்ளே தூசி புகுந்திருந்தது. எனினும் கிறோல் ஒன்ட்ராக் என்னும் நிறுவனத்தின் வல்லுநர்கள் அதிலிருந்து 99 சதவீதமான தரவுகளை மீட்டனர். செனன் வாயுவைப் பற்றி விண்வெளியிற் செய்த ஆய்வின் முடிவுகள் அத்தரவுகளைக் கொண்டு 2008ஆம் ஆண்டில் வெளியாயின. அத்தட்டிற் பாதியளவே எழுதப்பட்டிருந்தது. எழுத்துக்கள் ஒரே பகுதியில் அடுத்தடுத்து இருந்தன. சேதமோ எழுத்தில்லாத பகுதியில் நேர்ந்தது. விண்ணிலிருந்து வீழ்ந்த தட்டு மீண்டது. மேசையில் இருக்கும் தட்டோ நம் அவசரத்தினாற் கெடுகின்றது!

நிற்க. கோப்பொன்று மறைந்துவிட்டால் ஒரு குடும்பம் செய்யவேண்டியவை யாவை?

முதலாவது, நிறுத்துதல். புகைப்படக் கருவியாயின் அதனை நிறுத்தி அட்டையை வெளியே எடுத்துவிட வேண்டும். பெரிய அட்டைகளின் பக்கவாட்டில் ஒரு சிறு தாழ்ப்பாள் உண்டு; அதைப் பூட்டும் பக்கம் தள்ளிவிட்டாற் கணினி அவ்வட்டையில் எழுத முயலாது. ‘இத்தட்டைப் பயன்படுத்துமுன் வடிவமைக்க வேண்டும், வடிவமைக்கலாமா?’ என்று கணினி கேட்டால், வேண்டாம் என்றே விடையளிக்க வேண்டும். விரைவாகச் செய்யும் வடிவமைப்பு, பழைய தோம்பை ஒதுக்கிவிட்டுப் புதுத்தோம்பு வைப்பது போன்றது. அதன் பின்னரும் பயிரை மீட்க வழியுண்டு. முழுமையான வடிவமைப்போ இக்கால விண்டோஸ் கணினிகளில் வயல் முழுவதையும் உழுதுவிடும்.

இரண்டாவது, இலகுவான இடங்களை முதலிற் பார்த்தல். கணினியில் அழித்தவை வழக்கமாக முதலிற் குப்பைக் கூடைக்கே செல்கின்றன. கைத்தொலைபேசிகளின் படத்தொகுப்பிலும் அத்தகைய கூடை உண்டு. பெரும்பாலானவற்றில் அழித்த படங்கள் 30 நாட்கள் வரை அங்கே கிடக்கும். வாட்ஸப்பில் அப்படத்தை எவர்க்கேனும் அனுப்பியிருந்தால் அவரிடம் கேட்டுப் பெறலாம். இவை கைகொடுத்தால் மென்பொருளே வேண்டியதில்லை.

மூன்றாவது, மீட்கும்போது நிலத்தை மிதியாதிருத்தல். கோப்பு தொலைந்த தட்டிலேயே மீட்பு மென்பொருளை நிறுவுவோர் உளர். அது பயிரின்மேல் வண்டியை ஓட்டுவது போன்றது. மென்பொருளை வேறொரு தட்டில் நிறுவுக. மீண்ட கோப்புகளையும் வேறொரு தட்டிலேயே சேமிக்குக. இயலுமாயின், முதலில் அட்டை முழுவதையும் அச்சொட்டாகப் படியெடுத்து, அப்படியின்மேல் வேலை செய்தல் சாலச் சிறந்தது. விலை கொடாமற் பெறும் பொருட்டுப் பூட்டுடைத்த திருட்டு மென்பொருள்களை இறக்குவோர், போன கோப்பைத் தேடப்போய் இருக்கும் கோப்புகளையும் நச்சுநிரலுக்குப் பறிகொடுப்பர். நேரிய வழியில் விலையின்றிக் கிடைப்பவை இருக்க, அது வேண்டாத வினை.

இவ்வித்தை பலிக்காத இடங்களையும் சொல்லாமல் விடுதல் நேர்மையாகாது. இக்காலக் கணினிகளிற் சுழலும் தட்டுக்குப் பதிலாகத் திண்மநிலைச் சேமிப்பகம் பொருத்தப்படுகின்றது. அதில் ஒரு கோப்பை அழித்தால், அவ்விடம் வெறுமையாயிற்று என்று கணினியே சேமிப்பகத்துக்கு அறிவித்துவிடும். சேமிப்பகம் தானாகவே அப்பாத்திகளைத் துப்புரவாக்கிவிடும். புதிய கைத்தொலைபேசிகளின் உட்சேமிப்பிலோ, தரவுகள் யாவும் மறைகுறியாக்கி வைக்கப்படுகின்றன. கூடையிலும் இல்லாமற் போன படத்தை அங்கிருந்து மீட்டல் அரிதினும் அரிது. எதையும் மீட்டுத் தருவோம் என்று கூறும் விளம்பரங்களை நம்பிக் காசு கொடுக்குமுன் இதனை எண்ணிப் பார்க்குக. மென்பொருள் வழியான மீட்பு பெரும்பாலும் பலிப்பது நினைவட்டை, பென் ட்ரைவ், சுழலும் வன்தட்டு ஆகிய மூன்றிலுமே.

அவ்வன்தட்டிலும், ‘டிக் டிக்’ என்று ஓசை எழுமாயின் அது நிரலாலே தீரும் நோயன்று. உடனே மின்னைத் துண்டிக்க வேண்டும். மூடியைத் திறந்து பார்த்தல் ஆகாது. தட்டின்மேல் எழுத்தைப் படிக்கும் முனை, தலைமயிரின் பருமனிற் பல்லாயிரத்தில் ஒரு பங்கு இடைவெளியிலே மிதப்பது. அதன் முன் ஒரு தூசித் துகளும் பெரும் பாறையாகும். மழைக்காலத்திலும் இத்தகைய எச்சரிக்கை வேண்டும். 2018ஆம் ஆண்டு டிசம்பரில் இரணைமடுக்குளத்தின் வான்கதவுகள் திறக்கப்பட்டு, கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களில் வெள்ளம் புகுந்ததை நாம் மறவோம். நனைந்த கணினியையோ தொலைபேசியையோ வேலை செய்கின்றதா என்று பார்க்கும் ஆவலால் இயக்கிப் பார்த்தல் கூடாது. அட்டை மாத்திரம் நனைந்திருந்தால் மெல்லத் துடைத்து, நிழலில் நன்கு உலர்ந்தபின் பயன்படுத்தலாம்.

இன்னுமொன்று உண்டு. அழித்த கோப்பு மீளும் என்பது நன்மைக்கும் தீமைக்கும் பொதுவானது. பழைய நினைவட்டையையோ கணினியையோ படங்களை அழித்துவிட்டோம் என்ற நம்பிக்கையோடு விற்றால், வாங்கியவர் அவற்றை மீட்டெடுக்கவும் கூடும். வீட்டுப் பெண்பிள்ளைகளின் படங்கள் இருந்த அட்டையை விற்காதிருப்பதே மேல், உடைத்து எறிந்துவிடலாம். திருத்தும் கடையில் மீட்கக் கொடுப்பதாயின், வீட்டார் ஒருவர் கூடவே இருந்து, மீண்டவற்றைத் தம் தட்டிற் பெற்று, கடைக்காரரின் கணினியிற் படி எதுவும் எஞ்சாமற் பார்த்துக்கொள்ள வேண்டும்.

மீட்பு என்பது மருத்துவம் போன்றது. வருமுன் காப்பது வேறு. இதற்கு நம் நாட்டு அரசாங்கமே கற்ற பாடமொன்றைக் கூறலாம். 2023ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதத்தில், அரசாங்கத்தின் மின்னஞ்சல்களைத் தாங்கிய கணினித் தொகுதியைக் கப்பம் கோரும் நச்சுநிரலொன்று தாக்கியது. அமைச்சரவை அலுவலகம் உட்பட ஏறத்தாழ 5,000 மின்னஞ்சற் கணக்குகள் பாதிப்புற்றன. அவ்வாண்டு மே 17 முதல் ஆகஸ்ட் 26 வரையிலான மின்னஞ்சல்களுக்கு, தொடர்பறுத்து வேறிடத்தில் வைத்த மறுபிரதி இருக்கவில்லை. அவை போயின. வல்லுநர் பலரை உடைய அரசுக்கே இந்நிலையாயின், ஒரே பென் ட்ரைவில் ஆய்வறிக்கை முழுவதையும் சுமந்து திரியும் மாணவனின் நிலை யாது? வவுனியாப் பல்கலைக்கழகத்திலோ கிளிநொச்சி அறிவியல் நகரிலோ கற்கும் மாணவர்கள், தம் நான்கு ஆண்டு உழைப்பு அரைவிரல் நீளமுள்ள பிளாஸ்டிக் துண்டொன்றிற் தொங்கிக்கொண்டிருக்கின்றதா என்று இன்றே பார்த்துக்கொள்வாராக.

பீட்டர் குறோ என்னும் அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் பரப்பிய எளிய விதியொன்று உண்டு. எந்தக் கோப்புக்கும் மூன்று படிகள் இருத்தல் வேண்டும். அவை இருவகைச் சாதனங்களில் இருத்தல் வேண்டும். அவற்றுள் ஒன்று வேறோர் இடத்தில் இருத்தல் வேண்டும். நம் குடும்பங்களுக்கு இது கடினமானதன்று. தொலைபேசியில் ஒன்று, தனியே எடுத்துவைத்த பென் ட்ரைவில் ஒன்று, கடல்கடந்து வாழும் தமையனிடமோ மாமியிடமோ ஒன்று. அருமையான படமாயின் ஸ்ரூடியோவிலே தாளில் அச்சிட்டும் வைக்கலாம். தாளைப் பார்ப்பதற்கு மின்சாரமும் வேண்டா, கடவுச்சொல்லும் வேண்டா.

இவ்விதி நம் முன்னோர் அறியாததும் அன்று. ஓலையை மறுபடி ஓலையில் எழுதிப் படியெடுத்து வந்தமையாலேயே பழந்தமிழ் நூல்கள் எஞ்சின. படியெடுப்பார் இல்லாதவை கறையானுக்கு இரையாயின. யாழ்ப்பாணத்துச் சிறுப்பிட்டியிற் பிறந்த சி. வை. தாமோதரம்பிள்ளை, சிதைந்த ஏடுகளைத் தேடித் திரட்டி, 1887ஆம் ஆண்டிற் கலித்தொகையை அச்சேற்றினார். ஓர் ஊரின் ஏட்டிற் சிதைந்த இடத்தை மற்றோர் ஊரின் ஏட்டைக் கொண்டு நிரப்புவதே அக்காலப் பதிப்பாசிரியர் கண்ட வழி. 1981ஆம் ஆண்டு மே 31ஆம் திகதி இரவு மூட்டப்பட்ட தீயில் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரிந்தபோது, வேறெங்கும் படியில்லாத சுவடிகளும் நூல்களும் என்றென்றைக்குமாக மறைந்தன. வேறிடத்திற் படி இருந்தவை மறையவில்லை. 2005ஆம் ஆண்டு தொடங்கிய நூலகம் எண்ணிம நூலகம், ஈழத்து நூல்களையும் பத்திரிகைகளையும் படியெடுத்து யாவரும் இலவசமாகப் படிக்க வைத்திருப்பதும் இவ்வுண்மையை உணர்ந்தே.

இடப்பெயர்விலே போன படங்களை எந்த மென்பொருளும் மீட்டுத்தராது. எரிந்த தாளுக்கு வயலும் இல்லை, தோம்பும் இல்லை. ஆயினும் பழைய ஏடு தேடியோரின் வழி நமக்கும் உண்டு. கல்யாணம், பூப்புனித நீராட்டு, பிள்ளையின் முதற் பிறந்தநாள் ஆகியவற்றின் படங்களை அந்நாளிற் கடிதத்தோடு தபாலில் வைத்து வெளிநாட்டு உறவினர்க்கு அனுப்பிய குடும்பங்கள் பல. ரொறன்ரோவிலோ இலண்டனிலோ பரிசிலோ, ஒரு மாமியின் பழைய அல்பத்தில் அப்படம் இன்றும் ஒட்டப்பட்டிருக்கலாம். கேட்டெழுதுங்கள். அவர்களும் அதைத் தொலைபேசியிற் படம் பிடித்து ஒரு நிமிடத்தில் அனுப்பிவிடலாம். வந்த படத்தை அன்றே மூன்று இடங்களிற் சேமித்துவிடுங்கள். அதிலுள்ளவர் யார், எந்த ஊர், எந்த ஆண்டு என்பதையும், தெரிந்த பெரியவர் இருக்கும்போதே கேட்டு எழுதிவையுங்கள்.